முப்பது வருஷக் கையெழுத்து

விவாகரத்து ஆகி ஏழு வருஷம் கழிந்த பிறகும் க்ராஷினாவும் இரெக்கும் ஒரே வீட்டில்தான் இருந்தார்கள். பிட்கோஷ்ச் நகரத்தின் கிழக்கு ஓரம், பதினோரு மாடிக் கட்டடம், ஆறாவது மாடி, ஐம்பத்தெட்டு சதுர மீட்டர். படுக்கையறை அவளுக்கு, கூடம் அவனுக்கு. சமையலறை பொது என்று பேச்சு. ஆனால் அங்கே தண்ணீர் கொதிக்க வைக்கும் கெண்டி இரண்டு, உப்பு டப்பா இரண்டு. குளிர்பெட்டியில் மேல்தட்டுகள் அவளுடையவை, கீழ்த்தட்டுகள் அவனுடையவை. கதவுப் பக்கத் தட்டு யாருக்கு என்ற சண்டையில் ஒருமுறை வெள்ளரி ஊறுகாய்ப் புட்டி ஒன்று தரையில் விழுந்து உடைந்தது. அதற்குப் பிறகு அந்தத் தட்டை இருவருமே தொடவில்லை.

ஊரில் யாராவது, "இன்னுமா சேர்ந்து இருக்கீங்க?" என்று கேட்டால் க்ராஷினா, "நாங்க சேர்ந்து இல்ல. கடன்தான் எங்களச் சேர்த்து வெச்சிருக்கு" என்பாள்.

அது உண்மை. இரண்டாயிரத்து எட்டு ஜூலையில், கல்யாணமான மறுவருஷம், இந்த வீட்டுக்காக உள்நாட்டு நாணயமான ஸ்வோட்டியில் மூன்று லட்சம் கடன் வாங்கினார்கள். அப்போது க்ராஷினாவுக்கு முப்பத்துநாலு வயது, பால் பண்ணை ஒன்றில் கணக்கர். இரெக் சமையலறை அலமாரிகள் செய்து பொருத்துகிறவன். இரண்டு சம்பளத்தையும் கூட்டினாலும் ஸ்வோட்டியில் இவ்வளவு கடன் கொடுக்க முடியாது என்றார் வங்கி ஆலோசகர். சுவிஸ் ஃபிராங்க் கணக்கில் எழுதினால் வட்டி குறைவு, தவணை குறைவு, அதனால் கொடுக்கலாம் என்றார். கையில் வாங்கப்போவதும் ஸ்வோட்டி, கட்டப்போவதும் ஸ்வோட்டி, ஏட்டில் மட்டும்தான் ஃபிராங்க் என்று விளக்கினார். அன்றைக்கு ஒரு ஃபிராங்குக்கு இரண்டு ஸ்வோட்டி. முப்பது வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டார்கள்.

ஃபிராங்க் மூன்று ஸ்வோட்டியானது, கடனும் தவணையும் அதோடு ஏறின. பிறகு ஒரு ஜனவரி மாதத்துக் காலையில், ஒரே நாளில், நான்கைத் தாண்டியது. அதற்குள் அவர்கள் பிரிந்துவிட்டிருந்தார்கள். பிரிந்த கையோடு இருவரும் வங்கிக்குப் போய், ஒருவர் பெயரை எடுத்துவிடுங்கள் என்று கேட்டார்கள். கவுண்டருக்குப் பின்னால் இருந்த பெண் பத்திரத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "விவாகரத்து உங்க ரெண்டு பேருக்கும் நடுவுல நடந்தது. எங்களுக்கு நீங்க ரெண்டு பேரும் ஒரே ஆள்தான்."

வீட்டை விற்கவும் வழியில்லை. விற்றுவரும் பணம் கடனை அடைக்காது. வெளியே வாடகைக்குப் போனால் வாடகையும் கட்ட வேண்டும், இங்கே பாதித் தவணையும் கட்ட வேண்டும். இரெக்குடன் இரண்டு வருஷம் பழகிய பெண் ஒருத்தி, முன்னாள் பெண்டாட்டி பக்கத்து அறையில் தூங்குகிற வீட்டுக்கு வரமாட்டேன் என்று விலகிப் போனாள். க்ராஷினாவுக்கு லூட்சியன் என்றொரு ட்ராம் ஓட்டுநர் பழக்கமானான். நல்ல மனிதன். இருவரும் சேர்ந்து சின்னதாக ஒரு வீடு வாங்கலாம் என்று வங்கிக்குப் போனார்கள். அவள் பெயரில் ஏற்கெனவே மலைபோல் கடன் இருக்கிறது, இனி ஒரு ஸ்வோட்டி கிடைக்காது என்று சொல்லிவிட்டார்கள். லூட்சியன் நார்வேக்கு வேலைக்குப் போனான். முதல் வருஷம் மாதம் ஒரு கடிதம் வந்தது. பிறகு பண்டிகைக்கு ஒரு வாழ்த்து. பிறகு அதுவும் இல்லை.

இத்தனை வருஷத்திலும் க்ராஷினா மாதத் தவணையைத்தான் பார்த்தாள். இந்த மாதம் கட்டிவிட்டோமா, அடுத்த மாதம் கட்ட முடியுமா என்பதோடு சரி. பண்ணையில் ஒரு லிட்டர் பால் கெட்டால்கூடக் கணக்கில் பிடித்துவிடுகிறவள், சொந்தக் கடனை ஒரு நாளும் மொத்தமாகக் கூட்டிப் பார்த்ததில்லை. பயம்தான் காரணம். இரண்டாயிரத்து இருபத்தொன்று பிப்ரவரியில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், வங்கி அனுப்பிய வருடாந்தரத் தாளை வைத்துக்கொண்டு அவள் உட்கார்ந்தாள். பதிமூன்று வருஷத் தவணைகளையும் எழுதிக் கூட்டினாள். வாங்கியது மூன்று லட்சம். இதுவரை கட்டியது இரண்டு லட்சத்து எண்பதாயிரம். இன்னும் கட்ட வேண்டியது மூன்று லட்சத்து எழுபதாயிரம். தப்பாகக் கூட்டிவிட்டோமோ என்று இரண்டாம் தடவை கூட்டினாள். மூன்றாம் தடவை கூட்டவில்லை. தாளை மடித்துக் கைப்பைக்குள் வைத்தாள்.

மறுவாரமே கலீனா வெர்பித்ஸ்கா என்ற வழக்கறிஞரைப் பார்த்தாள். ஃபிராங்க் கடன்காரர்கள் நாடு முழுக்க வழக்குப் போட்டுக்கொண்டிருந்த காலம் அது. கலீனா பத்திரத்தை வாசித்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றினாள்.

"ஃபிராங்கோட மாத்து விலைய வங்கியே தன் இஷ்டத்துக்கு வெச்சுக்கலாம்னு எழுதியிருக்காங்க மேடம். இந்த ஒரு வரி போதும். பத்திரமே செல்லாதுன்னு கேக்கலாம். ஆனா ரெண்டு பேரும் கையெழுத்துப் போடணும்."

"அவன் போடமாட்டான்."

"போட வைங்க. இல்லன்னா வழக்கே இல்ல."

அன்று சாயங்காலம் இரெக் அடுப்பில் பன்றித் தொத்திறைச்சி வதக்கிக்கொண்டிருந்தான். க்ராஷினா தாள்களை மேசைமேல் வைத்தாள். அவர்கள் முகம் பார்த்துப் பேசி நாலு மாதம் இருக்கும்.

"என்ன இது?"

"வங்கிமேல வழக்கு. உன் கையெழுத்து வேணும்."

அவன் திரும்பாமலே சிரித்தான். "இப்ப மட்டும் என் கையெழுத்து வேணுமாக்கும். அன்னிக்கு ஒரு கையெழுத்துப் போட்டேன் பாரு, அதுக்கே இன்னும் கட்டிக்கிட்டுத் திரியறேன்."

"நான் மட்டும் கட்டலியா?"

"நீ கட்டணும். நீ கணக்குப் படிச்சவ. நான் பலகை அறுக்கறவன். ஃபிராங்கு ஏறும் இறங்கும்னு எனக்கென்ன தெரியும்? உனக்குத் தெரிஞ்சிருக்கணும். தெரிஞ்சுதான் என்னைக் கொண்டுபோய்த் தள்ளின."

பதிமூன்று வருஷமாக அவன் சொல்லிவரும் பேச்சு அது. முதலில் முணுமுணுப்பாக வந்தது, பிறகு சண்டையில் வந்தது, விவாகரத்து நீதிமன்றத்தில்கூட வந்தது. கேட்டுக் கேட்டு, ஒருவேளை அப்படித்தானோ என்று அவளுக்கே சில நாள் தோன்றியதுண்டு.

"குழந்தைய அடுத்த வருஷம் பெத்துக்கலாம், தவணை கொஞ்சம் இறங்கட்டும்னு சொன்னதும் நீதான்" என்றான் அவன். "இறங்கிச்சா?"

க்ராஷினா மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். "அத உன் வாயால பேசாத. உங்கம்மா 'குழந்தை எங்க, குழந்தை எங்க'ன்னு கேட்டப்போ, வீட்டுக்கடன் முடியட்டும்னு சிரிச்சுக்கிட்டே சொன்னவன் நீ. அறுபத்துநாலு வயசுலயா பெத்திருப்பேன்?"

தொத்திறைச்சி கருக ஆரம்பித்தது. இரெக் அடுப்பை அணைத்தான். சட்டியை இறக்கி வைத்துவிட்டு, பேரம் பேசுகிற குரலில் சொன்னான்: "சரி. போடறேன். ஒரு நிபந்தனை. ஃபிராங்க் கடன் என் யோசனைதான், இரெக் வேண்டாம்னு சொல்லியும் நான்தான் வற்புறுத்தினேன்னு உன் கையால எழுதிக் குடு."

"பைத்தியமா உனக்கு? அது வங்கிக்காரன் கையில கிடைச்சா வழக்கே கோவிந்தா."

"கிடைக்காது. எனக்கு வேணும். எழுதறியா, இல்ல இந்தத் தாளையெல்லாம் எடுத்துக்கிட்டு உன் ரூமுக்குப் போறியா?"

அவள் அறைக்குப் போனாள். கதவைச் சாத்திக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்து, மூன்று லட்சத்து எழுபதாயிரத்தை நினைத்தாள். பதினேழு வருஷத் தவணை பாக்கி. பதினேழு வருஷம் இவனோடு இதே சுவருக்குள். கால் மணி நேரத்தில் வெளியே வந்து, அவன் சொன்னதை அப்படியே எழுதி, தேதி போட்டு, கையெழுத்திட்டு நீட்டினாள். பொய் எழுதுகிறோம் என்று தெரிந்தே எழுதினாள். அவன் அதை இரண்டாக மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு, வழக்குத் தாள்களில் கையெழுத்துப் போட்டான்.

அந்த வருஷக் கடைசியில் இரெக்கின் அம்மா லியோகாடியா இறந்துபோனாள். இந்த வீட்டுக்கு முன்பணமாக நாற்பதாயிரம் ஸ்வோட்டி கொடுத்தவள் அவள்தான், தன் காய்கறித் தோட்டத்தை விற்று. விவாகரத்துக்குப் பிறகும் க்ராஷினாவிடம் முகம் கோணாமல் இருந்த ஒரே ஆள். ஈஸ்டர் பண்டிகைக்கு வண்ணம் தீட்டிய முட்டை கொடுத்து அனுப்புவாள். அதனால் க்ராஷினா அடக்கத்துக்குப் போனாள். ஆனால் கல்லறையில் யாரும் அவளோடு பேசவில்லை. இரெக்கின் அண்ணி, க்ராஷினா நீட்டிய கையைப் பார்த்தும் பாராதவள்போல் கையுறையைச் சரிசெய்துகொண்டாள். சித்தப்பா ஒருவர், "வந்துட்டா பாரு, தோட்டத்த முழுங்கினவ" என்று அவள் காதில் விழும்படியே சொன்னார். என்ன நடக்கிறது என்று அவளுக்குப் புரியவில்லை. மெழுகுவர்த்தியை ஏற்றி வைத்துவிட்டு, பேருந்து பிடித்து வீட்டுக்கு வந்தாள்.

விசாரணை மறுவருஷம் மே மாதத்தில் நடந்தது. வழக்கு முடியும்வரை தவணை கட்ட வேண்டாம் என்று நீதிமன்றம் அதற்கு முன்பே சொல்லியிருந்தது. அதுவரைக்கும் கட்டிய மொத்தம், வாங்கிய கடனை ஒட்டி வந்துவிட்டிருந்தது. அன்று காலையில் க்ராஷினா ஒன்றும் சாப்பிடவில்லை. சட்டைப்பையில் அந்தத் தாள் இருக்குமோ என்று, பெஞ்சின் மறுகோடியில் உட்கார்ந்திருந்த இரெக்கின் கோட்டுப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தத் தாளைப் பற்றிக் கலீனாவிடம் அவள் மூச்சு விடவில்லை.

முதலில் அவளை விசாரித்தார்கள். வங்கியின் வழக்கறிஞர் ஒடிசலான மனிதர், மிக மரியாதையாகப் பேசினார். "மேடம், நீங்க தொழில்முறைக் கணக்கர். நாணய மதிப்பு மாறும்னு உங்களுக்குத் தெரியாதுன்னு நாங்க நம்பணுமா?"

"மாறும்னு தெரியும். ரெட்டிப்பாகும்னு யாரும் சொல்லல" என்றாள்.

அடுத்து இரெக். உண்மை சொல்வதாக உறுதியளித்தான். வங்கி வழக்கறிஞர் அவனிடம் இன்னும் இனிமையாகப் பேசினார்.

"சார், உங்களுக்கு நிதி விஷயம் பரிச்சயமில்ல. அப்போ உங்க மனைவிதான் உங்களுக்கு எல்லாத்தையும் விளக்கியிருப்பாங்க. ஃபிராங்க் கடன் அவங்க தேர்வுதானே? விவாகரத்து வழக்குல நீங்களே அப்படிச் சொல்லியிருக்கீங்க."

க்ராஷினா கண்ணை மூடிக்கொண்டாள். பதிமூன்று வருஷம் ஒத்திகை பார்த்த வசனத்தைச் சொல்ல இதைவிட நல்ல மேடை அவனுக்குக் கிடைக்காது.

இரெக் தொண்டையைச் செருமினான். "இல்ல" என்றான்.

"இல்லையா?"

"அவளுக்கு அதுல இஷ்டமே இல்ல. ஒரு வருஷம் பணம் சேத்துட்டு ஸ்வோட்டியிலயே வாங்கலாம்னு சொன்னா. எங்கண்ணன் அப்பத்தான் வீடு வாங்கியிருந்தான். நான்தான் அவசரப்பட்டேன். அந்த ஆலோசகர்கிட்ட இவ, 'ஃபிராங்க் ஏறினா என்ன ஆகும்?'னு கேட்டா. நான் மேசைக்கு அடியில இவ கால மிதிச்சேன். ரொம்பக் கேள்வி கேட்டா கடன் குடுக்கமாட்டாங்களோன்னு."

நீதிபதி, வயதான பெண்மணி, பேனாவைக் கீழே வைத்தார். "அந்தக் கேள்விக்கு ஆலோசகர் என்ன பதில் சொன்னார்?"

"சிரிச்சாருங்க. பத்து காசு, இருபது காசு ஏறலாம், அதுவும் திரும்ப இறங்கிடும்னார். ஒரு வரைபடம் காட்டினார். அதுல ஃபிராங்க் கீழ கீழதான் போச்சு."

"எத்தனை வருஷத்து வரைபடம்?"

"மூணு வருஷம். முப்பது வருஷக் கடனுக்கு மூணு வருஷ வரைபடம்."

கலீனா தலையை நிமிர்த்தவேயில்லை, எழுதிக்கொண்டேயிருந்தாள். வெளியே வந்ததும் க்ராஷினாவின் தோளைத் தட்டி, "இதுக்கு மேல நல்ல சாட்சி கிடைக்காது மேடம்" என்று சொல்லிவிட்டு அடுத்த வழக்குக்கு ஓடினாள். தாழ்வாரத்தில் இருவர் மட்டும் நின்றார்கள். இரெக் கழுத்துப்பட்டையைத் தளர்த்திக்கொண்டிருந்தான்.

"உனக்கு ஞாபகம் இருந்திருக்கு" என்றாள் அவள்.

"இருந்தது."

"கால மிதிச்சதுகூட."

"ஆமா. இப்ப என்ன அதுக்கு? வழக்குக்கு நல்லதாத்தானே சொன்னேன்? வீட்டுக்காகச் சொன்னேன். உனக்காகன்னு நெனச்சுக்காத."

"பதிமூணு வருஷம், இரெக். தெனம் தெனம். நான்தான் தள்ளினேன், நான்தான் தள்ளினேன்னு. எனக்கே சந்தேகம் வந்துடுச்சு. தெரிஞ்சுக்கிட்டேவா சொன்ன?"

"பின்ன என்ன பண்ணச் சொல்ற?" அவன் குரல் உயர்ந்தது. படியிறங்கிக்கொண்டிருந்த ஒருவர் திரும்பிப் பார்த்தார். "காலைல எழுந்து கண்ணாடியப் பாத்து, 'நீதான்டா முட்டாளு'ன்னு சொல்லிக்கிட்டே அந்த வீட்டுல உக்காந்திருக்கச் சொல்றியா? யாராவது ஒருத்தர் காரணமா இருக்கணும்ல."

"அந்தத் தாள் எங்க?"

அவன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

"நான் எழுதிக் குடுத்த தாள் எங்கன்னு கேட்டேன்."

"அம்மாகிட்ட குடுத்தேன்" என்றான். "நீ எழுதின அடுத்த வாரமே, ஆஸ்பத்திரில. தோட்டத்த வித்தது வீணாப் போச்சே, உன் முட்டாத்தனத்தால போச்சேன்னு அதுவரைக்கும் என்னையே திட்டிக்கிட்டிருந்தாங்க. படிச்சுக் காட்டினேன். அப்புறம் திட்டல. என் கையப் புடிச்சுக்கிட்டாங்க."

க்ராஷினாவுக்குக் கல்லறையில் நீண்டு நின்ற தன் கை ஞாபகம் வந்தது. தோட்டத்தை முழுங்கியவள். கடைசி ஈஸ்டருக்கு முட்டை வராததை, உடம்பு முடியவில்லை போலிருக்கிறது என்று அவள் நினைத்திருந்தாள். அந்தக் கிழவி தன்னை வெறுத்துக்கொண்டே கண்ணை மூடியிருக்கிறாள். அதை இனி எந்த நீதிமன்றத்தில் போய்த் திருத்துவது?

அவள் அறையவில்லை, கத்தவில்லை. "நீ நல்லாவே இருக்கமாட்டே" என்று மட்டும், பக்கத்தில் நிற்பவருக்குக்கூடக் கேட்காத குரலில் சொன்னாள். அதிலிருந்து வீட்டில் அவனோடு சண்டை போடுவதையும் நிறுத்திவிட்டாள். இரெக்குக்கு அதுதான் தாங்க முடியாமல் போனது. வேண்டுமென்றே அவளுடைய கெண்டியை எடுத்தான், கதவைப் படாரென்று அடித்தான், கழிவறை விளக்கை எரியவிட்டான். அவள் விளக்கை அணைத்துவிட்டுப் போவாள்.

கீழ் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள். வங்கி மேல்முறையீடு செய்தது. அங்கேயும் ஜெயிக்க இரண்டாயிரத்து இருபத்துநாலு மார்ச் ஆகிவிட்டது. பத்திரம் செல்லாது, வாங்கிய அசலை மட்டும் திருப்பினால் போதும். வாங்கியதும் கட்டியதும் ஏறக்குறைய சமம், சில ஆயிரங்களோடு கணக்கு முடிந்தது. கலீனா ஷாம்பெயின் புட்டியோடு நீதிமன்ற வாசலுக்கு வந்தாள். இருவரும் அதைத் திறக்க ஒப்புக்கொள்ளவில்லை. கலீனா அதை மீண்டும் பைக்குள் வைத்துக்கொண்டு போனாள். க்ராஷினாவுக்கு ஐம்பது வயது ஆகியிருந்தது.

வீட்டை விலைக்கு வைத்தார்கள். நாலு லட்சத்து எண்பதாயிரம் கேட்டார்கள். இரண்டாவது வாரம் ஓர் இளம் ஜோடி வந்து பார்த்தது. பெண் மாசமாக இருந்தாள். படுக்கையறையில் நின்று, தொட்டிலை எங்கே போடலாம் என்று கைகளை விரித்து அளந்தாள். பையன் இரெக் செய்த சமையலறை அலமாரிகளைத் திறந்து திறந்து மூடினான். கேட்ட விலைக்கே ஒப்புக்கொண்டார்கள்.

"கடன் போட்டா வாங்கறீங்க?" என்று கேட்டாள் க்ராஷினா.

"ஆமாங்க. முப்பது வருஷம்" என்றான் பையன். "தவணை எங்களால கட்டக்கூடியதுதான்."

"தவணை கெடக்கட்டும். மொத்தம் எவ்வளவு கட்டப்போறீங்கன்னு கூட்டிப் பாத்தீங்களா?"

இரெக் கூடத்திலிருந்து, "க்ராஷினா" என்று எச்சரிக்கும் குரலில் கூப்பிட்டான்.

அவள் நிறுத்தவில்லை. மேசை இழுப்பறையிலிருந்து பென்சில் எடுத்து, அவர்கள் சொன்ன வட்டியை முன்னூற்று அறுபது மாதத்துக்குப் போட்டுக் காட்டினாள். நாலு லட்சம் கடன், திருப்பிக் கட்டுவது பத்து லட்சத்துக்கு மேல். "இது எதுவும் மாறாம இருந்தா" என்றாள். "வேலை போகாம, ரெண்டு பேரும் ஒண்ணா இருந்தா. வட்டி அஞ்சு வருஷத்துக்குத்தான் நிலையா இருக்கும்னு பத்திரத்துல இருக்கும், பாருங்க. அப்புறம்?"

பெண்ணின் முகம் சுருங்கிவிட்டது. "எங்கள பயமுறுத்தறீங்களா?"

"ஆமா" என்றாள் க்ராஷினா. "எங்களை யாரும் பயமுறுத்தல."

"வேற யாருக்காவது அதிக விலைக்குப் பேசிட்டீங்க போல. நேராச் சொல்லியிருக்கலாம்" என்று பையன் கோபமாகச் சொல்லிவிட்டு, பெண்ணைக் கைபிடித்து அழைத்துக்கொண்டு போனான். மின்தூக்கி இறங்கும் சத்தம் கேட்டது.

"கெடுத்துட்டியே!" என்று இரெக் பாய்ந்து வந்தான். "வந்த லட்சுமிய வாசல்லயே விரட்டிட்டியே! அவங்க வேற எங்கயாவது இதே கடனப் போட்டு இதே மாதிரி வீடு வாங்கத்தான் போறாங்க. உன் பிரசங்கத்தால யாருக்கு என்ன லாபம்?"

அவன் சொன்னது சரிதான். அந்த ஜோடி நகரத்தின் மறுகோடியில் முப்பது வருஷக் கடனில் ஒரு வீடு வாங்கியதாகத் தரகர் பிறகு சொன்னார். இந்த வீட்டை வாடகைக்கு விடுவதற்காக, ரொக்கம் வைத்திருந்த ஒருவர் நாலு லட்சத்து ஐம்பதாயிரத்துக்கு எடுத்துக்கொண்டார். பேரத்தில் அவர் அதற்கு மேல் ஒரு காசும் ஏறி வரவில்லை.

பத்திரப் பதிவாளர் அலுவலகத்தில் பணம் இரண்டாகப் பிரிந்தது. கையெழுத்தெல்லாம் முடிந்து வெளியே வந்ததும், ட்ராம் தண்டவாளத்தின் ஓரமாக இரெக் அவள் வழியை மறித்தான்.

"முப்பதாயிரம் குறைஞ்சது உன் வாயால. என் பங்கு பதினஞ்சாயிரம். அத நீ எனக்குத் தரணும்."

தருவாள் என்று அவனும் எதிர்பார்த்திருக்கமாட்டான். ஒரு மணி நேரம் தெருவில் நின்று கத்தலாம் என்றுதான் வந்திருந்தான். முகம் அதற்குத் தயாராகச் சிவந்திருந்தது.

க்ராஷினா கைபேசியை எடுத்து, அவன் கணக்குக்குப் பதினைந்தாயிரம் அனுப்பினாள். அவனுடைய சட்டைப்பைக்குள் கைபேசி முனகியது.

"வந்துடுச்சா?"

அவன் எடுத்துப் பார்த்தான். "வந்துடுச்சு" என்றான். திடீரென்று வயதானவன்போல் இருந்தான். "எங்க போற இனிமே?"

"அதத் தெரிஞ்சுக்கத்தான் உனக்கு உரிமை இல்ல."

"சும்மா கேட்டேன்."

"சும்மாகூடக் கேக்காத" என்றாள். ட்ராம் வந்து நின்றது. அது எந்தப் பக்கம் போகிறதென்றுகூடப் பார்க்காமல் அவள் ஏறினாள். இரண்டு நிறுத்தம் தாண்டிய பிறகுதான் அது தான் போக வேண்டிய பக்கத்துக்கு எதிர்த்திசை என்று தெரிந்தது. இறங்கவில்லை. கடைசி நிறுத்தம்வரை போய், அதே ட்ராமில் திரும்பி வந்தாள்.